ஐஸ் வியாபாரி

"ஐஸ் எண்டு ஏன் சொன்னீங்க? வாயில வேற சொல்லே வரல்லையா உங்களுக்கு?"

ஜெமீலா போட்ட சத்தத்தில் கூரையில் இருந்த காகம் எழும்பிப் பறந்தது. சரீப் மட்டும் அசையவில்லை. வாழைச்சேனைத் துறைமுகத்திலிருந்து அப்போதுதான் ஏறாவூர் வீட்டுக்கு வந்து, கிணற்றடியில் கை கழுவிக்கொண்டிருந்தார். எவ்வளவு சவர்க்காரம் போட்டாலும் மீன் வாடை அவரை விட்டுப் போனதில்லை.

"ஐஸை ஐஸ் எண்டு சொல்லாம மறுகா என்னெண்டு சொல்ற?" என்றார் சாவகாசமாக.

"இப்ப ஐஸ் எண்டா போதைத்தூள் எண்டு பால்குடிப் புள்ளைக்கும் தெரியும். உங்களுக்கு மட்டும் தெரியாதா?"

"நான் மீன் ஆள். எனக்குத் தெரிஞ்சது பெட்டியில போடுற ஐஸ்தான்."

நோர்வேயிலிருந்து விடுமுறையில் வந்திருந்த மகள் ஸுஹைனா, சத்தம் கேட்டு அறையிலிருந்து ஓடி வந்தாள். "என்ன உம்மா, என்ன நடந்த?"

"உன்ட கலியாணம் கலைஞ்சு போச்சு, அதுதான் நடந்த! தரகர் கச்சி முகம்மது இப்பதான் போன் எடுத்தார். மாப்பிள்ளைட வாப்பா நாள் குறிக்கிறதுக்கு நேத்து இவரோட கதைச்சிரிக்கார். கதையோட கதையா, 'மகள் நோர்வேயில என்ன வேலை?' எண்டு கேட்டாராம். இந்த மனிசன் சொன்ன பதிலை நீயே கேளு!"

"உள்ளதைத்தான் சொன்னன்" என்றார் சரீப். "'ஐஸ் வேலை. எங்கட குடும்பமே ஐஸாலதான் பிழைக்கிற. விடியக்காலையில லொறியில வரும், பகலைக்குள்ள முடிஞ்சிரும், ஊரெல்லாம் என்னட்டத்தான் வாங்கும். மகள் படிச்ச புள்ள, அதையே வெளிநாட்டில பெரிசாச் செய்றா' எண்டு சொன்னன். இதில என்ன பிழை?"

ஜெமீலா தலையில் கை வைத்தபடி வாசற்படியில் உட்கார்ந்துவிட்டாள்.

"நீங்க மீன் வியாபாரி எண்டு தெரிஞ்சிருந்தாலாவது அவங்களுக்கு விளங்கியிரிக்கும்."

"மீன் எண்டு சொன்னா மதிப்பில்ல, வெறும் வியாபாரி எண்டு சொல்லுங்க எண்டு தரகரிட்டச் சொன்னது ஆரு?"

ஜெமீலா பேச்சை மாற்றினாள். "அது மீன் ஐஸ்தான் எண்டு தரகர் போய் விளங்கப்படுத்திட்டார். என்னத்துக்கு? அதுக்குள்ள அவங்க வேற இடத்தில வாக்குக் குடுத்திட்டாங்க. இஞ்சினியர் மாப்பிள்ளை, கைக்கு எட்டினது..." முக்காட்டு நுனியால் மூக்கைத் துடைத்துக்கொண்டு அடுப்படிக்குப் போனாள்.

வாசற்படியில் உட்கார்ந்த ஸுஹைனாவுக்கு அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை. அவள் உயிர் இரசாயனவியல் படித்தவள். தண்ணீரே உறைந்துபோகும் கடலில் உறையாமல் நீந்தும் மீன்கள் இருக்கின்றன. அவற்றின் இரத்தத்தில் இருக்கும் ஒரு புரதம், ஐஸ் துகள் உண்டானதும் அதைப் பிடித்து வளரவிடாமல் தடுத்துவிடும். இத்தனை வருடமும் அந்தப் புரதத்தின் பின்னால்தான் அவள் அலைந்தாள். இப்போது தென்துருவக் கடலுக்குப் போகும் கப்பலில், ஓர் ஆராய்ச்சிக் குழுவுக்கே தலைவியாக வரும்படி அவளைக் கேட்டிருந்தார்கள். நாளைக்குள் பதில் அனுப்ப வேண்டும்.

ஆனால் பெண் பார்க்க வந்த அன்றே மாப்பிள்ளையின் தாய் சொல்லிவிட்டாள், கலியாணம் முடிந்தால் வேலையை விட்டுவிட்டு ஊரோடு இருக்க வேண்டும் என்று. உம்மா சந்தோஷமாகத் தலையாட்டினாள். உம்மாவின் முகத்தைப் பார்த்து ஸுஹைனாவும் தலையாட்டினாள். வாப்பா ஒரு வார்த்தை சொல்லுவார் என்று கடைசிவரை காத்திருந்தாள். அவர் கோப்பைக்குள் பார்த்தபடி தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்தார்.

அதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை. சின்ன வயதில் அவருடைய மீன் பெட்டிக்கு முன்னால் நின்றுதானே, "ஐஸ் கடல்ல இரிக்கிற மீனுக்குக் குளிராதா வாப்பா?" என்று கேட்டாள்? "எனக்குத் தெரியா மகள், நீ படிச்சு வந்து சொல்லு" என்றவரும் அவர்தானே?

சரீப் சாரத்தில் கையைத் துடைத்துக்கொண்டு அவள் பக்கத்தில் வந்து அமர்ந்தார்.

"கப்பல்காரங்களுக்குப் பதில் சொல்லிட்டியா மகள்?"

"மாட்டன் எண்டு இண்டைக்கு எழுதத்தான் இருந்தன்."

"இனி என்னத்துக்கு மாட்டன் எண்டு எழுதுற?"

அவளுக்குக் கண் கலங்கியது. அப்படியே சிரிப்பும் வந்துவிட்டது. "நல்ல காலம் வாப்பா, உங்களுக்கு ஐஸ் எண்டா என்னெண்டு தெரியாமப் போச்சு."

"அல்ஹம்துலில்லாஹ்" என்றார் சரீப்.

வாசலில் மோட்டார் சைக்கிள் ஒன்று வந்து நின்றது. பக்கத்துத் தெரு றிஸ்வி, இறங்காமலே குரல் கொடுத்தான்.

"சரீப் காக்கா! அசர் தொழுகைக்குப் பிறகு பள்ளியில ஐஸ் ஒழிப்புக் கூட்டம், மறந்திராதீங்க. போன கிழமை பேசின மாதிரி இண்டைக்கும் நீங்கதான் பேசணும். அந்தப் போதையைப் பத்தி உங்களைப்போல விளக்கமாச் சொல்றதுக்கு இந்த ஊரில வேற ஆரு இரிக்காங்க?"

சரீப் பதறிப்போய் அடுப்படிப் பக்கம் பார்த்தார். பிறகு, தன்னையே வியப்போடு பார்த்துக்கொண்டிருந்த மகளைப் பார்த்தார்.

"மெல்லக் கதை தம்பி, உள்ளுக்குக் கேட்டிரும்" என்றார்.