சீமைக்குப் போன பள்ளிக்கூடம்

சீமையில் காட்டுவதற்குப் படம் பிடிக்க வந்த துரைக்கு அபூசாலியின் வகுப்பு நன்றாகப் பிடித்துவிட்டது. பளிச்சென்ற வெள்ளைச் சட்டைகளில் பிள்ளைகள் வரிசையாக வாங்குப் பலகையில் இருந்தார்கள். துரை மட்டும் ஏனோ மூக்கைப் பொத்திக்கொண்டே நின்றார்.

"பிரம்பை இன்னும் உயர்த்தட்டாம்," என்று மொழிபெயர்த்தார் அரசாங்கக் கந்தோர்க் கிளாக்கர் சீவரத்தினம். "முகத்தில கோபம் காணாதாம்."

அபூசாலி முறைத்தார். முன்வாங்கில் இருந்த அவர் மகள் நசீறா களுக்கென்று சிரித்தாள்.

"சிரிக்கக் கூடாதாம். பள்ளிக்கூடமெண்டால் பயம் தெரியோணுமாம்."

"ஐயா, இந்தப் படத்தால ஊருக்கு நல்லது நடக்குமோ?" என்று அவரிடம் கேட்டார் அபூசாலி.

"சீமையே பார்க்கப் போகுது. நடக்காமல் விடுமே?"

படம் பிடித்து முடிந்ததும் துரையின் ஆட்கள் சட்டைகளைக் கழற்றிப் பெட்டியில் அடைத்தார்கள். வாங்குகளும் கரும்பலகையும் லொறியில் ஏறின. நாளைக்கு இதே பள்ளிக்கூடம் இலுப்பைக்கடவையில். அபூசாலி வாத்தியார் கோட்டைக் கழற்றிக் கொடுத்துவிட்டு, வெளியே கிடந்த கருவாட்டுச் சாக்குகளைத் திரும்பவும் தன் வாடிக் கொட்டிலுக்குள் அடுக்கினார்.

"வாப்பா, நாளைக்கும் பள்ளிக்கூடமோ?" என்றாள் நசீறா.

"கேட்டுப் பாப்பம், மகள்."

அடுத்த வருடம் அபூசாலி கந்தோருக்குப் போய், ஊருக்கு ஒரு பள்ளிக்கூடம் கட்டித் தரும்படி பெரிய துரையிடம் கேட்டார். பெரிய துரை அவரை உற்றுப் பார்த்தார். பிறகு மேசையில் அடித்து இங்கிலீசில் கத்தினார்.

சீவரத்தினம் தலையைக் குனிந்துகொண்டு மொழிபெயர்த்தார்.

"உங்களைப் படத்தில பார்த்தவராம். இருக்கிற பள்ளிக்கூடத்தை இல்லையெண்டு வாத்தியாரே வந்து பொய் சொல்லலாமோ எண்டு கேக்கிறார்."