பதினாலாவது ரீல்

இடைவேளைக்கு முன்பே அவர் மகளை வீட்டைவிட்டுத் துரத்திவிட்டார்.

திரையில்தான். கொட்டகையே உச்சுக் கொட்டியது.

ஆபரேட்டர் அறையில், சூடு கக்கும் புரொஜெக்டருக்குப் பக்கத்தில் முக்காலி போட்டு உட்கார்ந்து, சுவரிலிருந்த சதுர ஓட்டை வழியாக அவர் பார்த்துக்கொண்டிருந்தார். திரையை அல்ல. கீழே ஆறாவது வரிசை ஓரத்தில், மடியில் குழந்தையோடு இருந்த பெண்ணை.

அவள் அவருடைய சொந்த மகள். நான்கு வருடமாகப் பேச்சு வார்த்தை இல்லை.

தனக்குப் பிடித்தவனைக் கட்டிக்கொண்டு வந்து நின்றவளிடம், "என் வாசலை மிதிக்காதே" என்று சொல்லிவிட்டார். அதுகூட ஏதோ ஒரு படத்தில் பேசிய வசனம்தான்.

முப்பது வருடமாகக் கதாநாயகிகளுக்கு அப்பாவாக நடிக்கிறவர். பதினொரு முறை மாரடைப்பில் செத்திருக்கிறார், மூன்று முறை ரயிலில் அடிபட்டு. யாராவது எழுதிக் கொடுத்தால் கல்லும் கரையப் பேசுவார். எழுதிக் கொடுக்க ஆளில்லாத இடத்தில் மனுஷன் வாய்க்குப் பூட்டு.

போன வருடம் அவள் ஒரு கடிதம் போட்டாள். "வாயைத் திறந்து ஒரு தடவை கூப்பிடுங்கப்பா. வந்துடறேன்."

ஒரே ஒரு தடவை. அவரால் முடியவில்லை. அவளுடைய தெரு முனை வரைக்கும் மூன்று நாள் போனார். மூன்று நாளும் அங்கிருந்த பெட்டிக்கடையில் சிகரெட் வாங்கிக்கொண்டு திரும்பி வந்தார். அவருக்குப் புகைக்கும் பழக்கமே கிடையாது.

அப்போதுதான் இந்தப் படம் வந்தது. கடைசியில் அப்பா மனம் மாறி, மகள் வீட்டுப் படியேறி அழைக்கிற காட்சி. மூன்று பக்க வசனம். அதைத் தூக்கிப் போட்டுவிட்டுக் காமிரா முன்னால் நின்று, "பாப்பு, அப்பா தப்புப் பண்ணிட்டேன். வாம்மா, வீட்டுக்குப் போகலாம்" என்றார். பாப்பு என்று அவர் கூப்பிடுவது உலகத்தில் ஒருத்தியைத்தான். லைட் பிடிக்கிறவன்கூட அழுதான். டைரக்டர் இரண்டாவது டேக் கேட்கவில்லை.

மகளுக்கு டிக்கெட்டையும் ஒரு சீட்டையும் அனுப்பினார். 'உன்னிடம் சொல்ல வேண்டியதை இந்தப் படத்தில் சொல்லியிருக்கிறேன்.'

நடிகனுக்குத்தான் இப்படிப் புத்தி போகும்.

அவர் துரத்திய காட்சியில் அவள் முகத்தைத் துடைத்துக்கொண்டதை ஓட்டை வழியாகப் பார்த்தார். கொஞ்சம் பொறு பாப்பு, பதினாலாவது ரீல் வரட்டும் என்று வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டார்.

கதாநாயகன் பத்துப் பேரை அடித்துப் போட்டான். கதாநாயகியின் கையைப் பிடித்தான். 'முற்றும்' என்று விழுந்தது. விளக்குகள் எரிந்தன.

அவர் ஆபரேட்டரைத் திரும்பிப் பார்த்தார்.

"கிழவர் அழுதுதான் படம் முடியணுமான்னு கேட்டு விநியோகஸ்தர் காலையிலயே கடைசி ரீலைத் தூக்கச் சொல்லிட்டாருண்ணே. பதிமூணுலயே முற்றும் ஒட்டிட்டேன்." ஆபரேட்டர் மேசைமேல் இருந்த தகர டப்பாவைத் தட்டிக் காட்டினான். "உங்க சீன் இதோ பத்திரமா இருக்கு."

இரும்புப் படிகளில் அவர் இறங்கிய வேகத்தில் ஒரு கால் செருப்பு மேலேயே நின்றுவிட்டது. கீழே கூட்டம் அவரை அடையாளம் கண்டுகொண்டது. பெற்ற மகளைத் துரத்திய பாவி இதோ என்று ஒருவன் கத்த, நாலு பேர் அவர் கையைப் பிடித்துக் குலுக்கினார்கள். உங்களைக் கண்டால் அறையலாம் போல் இருந்தது, அவ்வளவு தத்ரூபம் என்றார் ஒருவர். அந்த முப்பது வருடத்தில் அவருக்குக் கிடைத்த பெரிய பாராட்டு அதுதான்.

தலைகளுக்கு மேலாக அவளைத் தேடினார். வெளிக் கேட்டை நெருங்கிவிட்டாள்.

"பாப்பு! அது நான் சொன்னதில்லம்மா! வாம்மா, வீட்டுக்குப் போகலாம்!"

காமிரா இல்லாமல் அவர் அதைச் சொன்னது அப்போதுதான்.

கூட்டம் விசிலடித்தது. கைதட்டியது. அந்த வசனத்தை இன்னொரு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டது.

விசில் சத்தத்துக்கு அவள் திரும்பினாள். இரண்டு கைகளையும் தூக்கிக்கொண்டு கைதட்டலுக்கு நடுவே நின்ற அப்பாவை ஒரு கணம் பார்த்தாள்.

பிறகு கேட்டில் டிக்கெட் கிழிக்கிறவனிடம் ஏதோ சொன்னாள். படம் முடிகிற வரை பார்த்துக்கொள்ளச் சொல்லி அவள் கொடுத்து வைத்திருந்த துணிப் பெட்டியையும், அதன் மேல் கட்டியிருந்த குழந்தையின் சின்னத் தலையணையையும் அவன் நாற்காலிக்குப் பின்னாலிருந்து எடுத்துக் கொடுத்தான்.