பச்சைத் தண்ணீரில் ஒரு டீ

எமரால்டு என்ற மலையூரின் கடைவீதியில் மூடுபனி இன்னும் கலையவில்லை. கூப்பிய கையோடு மருதாசலம் நபீசாவின் டீக்கடைக்குள் நுழைகிறார். பின்னாலேயே கொடிகளும் கேமராக்களும். தேயிலைத்தூள் கம்பெனி முதலாளி, இப்போது வேட்பாளர். சாயம் கலந்த அவருடைய தூளை விற்றதற்காகத்தான் போன வருடம் நபீசாவின் கணவரைப் போலீஸ் கூட்டிப் போனது. அந்த அவமானத்தில் படுத்தவர் பிறகு எழுந்திருக்கவே இல்லை. கம்பெனியின் பெயர் எந்தப் பேப்பரிலும் வரவில்லை. "அக்கா, உங்க கையால ஒரு டீ குடுங்க. ராசியா இருக்கட்டும்." "குடுத்துட்டாப் போச்சுங்க." நபீசா அடுப்பை அணைக்கிறாள். அதன் சீறல் அடங்கி, கூரையில் பனி சொட்டுவது கேட்கிறது. அன்று சோதனைக்கு வந்த அதிகாரிகள் கண்ணில் படாமல் ஒளித்து வைத்திருந்த பாக்கெட்டை எடுக்கிறாள். அதில் மருதாசலத்தின் படம் சிரிக்கிறது. கண்ணாடி டம்ளரில் குழாய்த் தண்ணீர் பிடித்து, ஒரு கரண்டி தூளைப் போடுகிறாள். தூள் அடியைத் தொடுமுன்பே சிவப்பு இழை இழையாக இறங்கி, டம்ளர் முழுக்கப் பரவுகிறது. "ஏனுங்கக்கா, சுட வெக்க வேண்டாமா?" "உங்க தூளுக்கு எதுக்குங்க சுடுதண்ணி? பச்சத் தண்ணியிலயே சாயம் எறங்குதே. என் ஊட்டுக்காரரு ஸ்டேஷன்ல இதத்தான் சொன்னாரு, யாரும் காதுல போட்டுக்கல. குடிங்க." கேமராக்கள் நெருங்குகின்றன. மருதாசலத்தின் சிரிப்பு அப்படியே இருக்கிறது. டம்ளரை வாங்கி உதட்டருகே கொண்டுபோகிறார். நபீசா ஈரக் கையை முந்தானையில் துடைத்துக்கொண்டு, அவர் தொண்டையையே பார்த்தபடி நிற்கிறாள்.