மொரட்டு சிங்கிள் டூட்டி

“ஞாயித்துக்கிழமை லீவு குடும்பஸ்தருங்களுக்குத்தான். மொரட்டு சிங்கிளுக்கு வீட்டுல என்ன வேலை?”

கொரியர் ஆபீஸ் மேனேஜர் போட்ட சட்டம் இது. அங்கே கல்யாணமாகாதவர்கள் இரண்டே பேர்: கேஷியரும், பில் போடும் பெண்ணும். கேட்டதும் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டார்கள். வேறு வழியில்லாமல் வாராவாரம் வந்தார்கள்.

ஒரு வருஷம் போனது. மேனேஜருக்கே மனசு உறுத்தியது. இருவரையும் கூப்பிட்டார்.

“பாவம்ப்பா நீங்க. இனிமே உங்களுக்கும் ஞாயித்துக்கிழமை லீவு.”

“ஐயோ, வேண்டாம் சார்!” இருவரும் ஒரே குரலில் பதறினார்கள்.

“ஏன், வீட்டுல அவ்வளவு போரடிக்குதா?”

“டூட்டின்னு சொன்னாதான் சார் வீட்டுல வெளிய விடுவாங்க” என்ற பெண், கேஷியரைப் பார்த்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டாள்.

“அடப்பாவிகளா! எப்பலேருந்து?”

கேஷியர் நெளிந்தார்.

“நீங்க சட்டம் போட்ட ரெண்டாவது வாரத்துலேருந்து சார்.”