ஐஸ் ஒத்தும் அறை

"அக்கா, அந்தப் பிளக்கரைக் கீழே வை. புருவத்துல கை வெச்சேன்னா இப்பவே டாக்டருக்குப் போன் போடுவேன்."

கண்ணாடி முன் கையும் களவுமாகப் பிடிபட்ட அக்கா, பிளக்கரை மேசைமேல் போட்டாள். லேசர் வைத்துக் கண் பவரை எடுத்த நாளிலிருந்து அவளுக்கு இருப்புக் கொள்ளவில்லை. மை கூடாது, பவுடர் கூடாது, முகத்தில் தண்ணீர் அடித்துக் கழுவக் கூடாது. புருவம் எடுக்கும் பேச்சே கூடாது. இமையைப் பிடித்து இழுத்தால் ஆறுகிற கண்ணுக்கு ஆகாதாம். ஊரார் புருவத்தையெல்லாம் சீராக்கியவளுக்குச் சொந்தப் புருவம் புதர் மண்டிக் கிடந்தது.

"ஒரே ஒரு முடிடி. நடுவுல நின்னுக்கிட்டு என்னையே மொறைக்குது."

"மொறைச்சா மொறைச்சுட்டுப் போகட்டும். சொட்டு மருந்து விட்டுட்டுக் கண்ணை மூடிப் படு" என்று சொல்லிவிட்டு, சாவியை எடுத்துக்கொண்டு தங்கை கீழே கடையைத் திறக்கப் போனாள்.

உண்மையில் அக்காவை உறுத்தியது அந்தச் சாவிதான். கீழே இருந்த அழகு நிலையம் அவள் ஒற்றை ஆளாக நின்று உருவாக்கியது. திறந்த நாளிலிருந்து அங்கே புருவம் எடுக்க நூல் பிடித்தது அவள் ஒருத்திதான். புருவம் எடுத்து முடித்தவர்களை உள் அறைக்கு அழைத்துப்போய், எரிச்சல் அடங்க ஐஸ் ஒத்தி அனுப்புவது தங்கையின் வேலை. அதையாவது சட்டுப்புட்டென்று செய்வாளா என்றால் அதுவும் இல்லை. "ஐஸ் ஒத்துறதுக்கு இவ்வளவு நேரமாடி?" என்று அக்கா முன்னாலிருந்து குரல் கொடுக்காத நாளே கிடையாது. எழுந்து போய்ப் பார்க்கத்தான் முன்னால் இருக்கும் கூட்டம் விடாது.

இப்போது தங்கை கையில் போய் நூல். ஆளுக்கொரு கோணல் புருவத்தோடு தெருவெல்லாம் பெண்கள் நடமாடுவதாக நினைத்தாலே அக்காவுக்குப் பகீரென்றது. பக்கத்துத் தெருவில் புதுக் கடை வேறு திறந்திருக்கிறார்கள். இங்கே யாராவது முகம் சுளித்தால் போதும், கூட்டம் மொத்தமும் அந்தப் பக்கம் சாய்ந்துவிடும்.

படுத்தபடியே யோசிக்க யோசிக்க வேறொரு சந்தேகமும் தலைதூக்கியது. குனிந்தால் நழுவுகிறது என்று மூக்குக்கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு அக்கா தன் பாட்டுக்கு வேலை பார்த்துக்கொண்டிருந்தாள். யாரும் ஒரு குறை சொன்னதில்லை. 'கண்ணைக் காட்டு, கண்ணைக் காட்டு' என்று நச்சரித்து ஆஸ்பத்திரிக்கு இழுத்துப்போனவள் இந்தத் தங்கைதான். என்னை மேலே படுக்க வைத்துவிட்டுக் கடையைக் கைக்குள் போட்டுக்கொள்ளத்தானோ? கூடப்பிறந்தவளை இப்படி நினைப்பது அவளுக்கே கூச்சமாக இருந்தது. ஆனாலும் நினைப்பு நிற்கவில்லை.

மதியம் அவளால் முடியவில்லை. கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு படியிறங்கிவிட்டாள்.

நாற்காலியில் டீச்சர் சாய்ந்திருந்தார். பழைய வாடிக்கை. தங்கையின் விரல்களுக்கிடையே நூல் சர்சர்ரென்று ஓடிக்கொண்டிருந்தது. ஒரு தடுமாற்றம் இல்லை. அவள் முடித்து நிமிர்ந்ததும் அக்கா கறுப்புக் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, புதுக்கண்ணால் டீச்சரின் முகத்தை அலசினாள். இரண்டு புருவமும் அளந்து வைத்ததுபோல் இருந்தன. மெச்ச வேண்டிய இடம்தான். அக்காவுக்கு என்னவோ வயிறு எரிந்தது.

"இதெல்லாம் எப்போடி கத்துக்கிட்ட?"

"உன்கூடத்தானேக்கா இருந்தேன்" என்றாள் தங்கை, நூலைச் சுற்றி வைத்தபடி.

பார்த்தால் வந்துவிடுகிற கைப்பக்குவமா அது? எங்கேயோ ரகசியமாகப் பழகியிருக்கிறாள். அந்தப் புதுக் கடையிலேயேகூட இருக்கலாம்.

அதற்குள் டீச்சர் கைப்பையைத் தோளில் மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

"டீச்சர், ஐஸ் ஒத்தாமப் போறீங்களே?"

டீச்சர் தங்கையைப் பார்த்தார். தங்கை தரையைப் பார்த்தாள்.

"இப்பல்லாம் ஐஸ் தேவைப்படலைக்கா" என்றாள்.

அக்காவுக்குச் சுரீரென்றது. "நாலு நாள் நான் இல்லைன்னதும் என் கடையோட வழக்கத்தையே மாத்திட்டியா? நகரு. நானே எடுத்துட்டு வரேன்."

"அக்கா, உள்ளே போகாதே. அங்க தூசி, கண்ணுக்கு ஆகாது" என்று தங்கை ஓடி வந்து மறித்தாள். அவள் மறித்த வேகத்திலேயே அக்காவின் சந்தேகம் உறுதியாகிவிட்டது. தங்கையை ஒதுக்கிவிட்டு உள் அறைக் கதவைத் தள்ளினாள்.

ஒரு நாற்காலி. அதற்கு நேர் மேலே பளிச்சென்று ஒரு விளக்கு. மூலையில் ஐஸ் வைக்கவென்று வாங்கிய சின்ன பிரிட்ஜ். அதன் ஒயர் சுருட்டி மேலேயே வைக்கப்பட்டிருந்தது. பிரிட்ஜ் கதவைத் திறந்தாள். உள்ளே ஐஸ் இருந்ததற்கான சுவடே இல்லை. தட்டில் நூல்கண்டு ஒன்று, தேய்ந்துபோன பிளக்கர், சின்னக் கத்தரிக்கோல், கைக்கண்ணாடி.

அக்கா அந்தப் பிளக்கரைக் கையில் எடுத்துப் பார்த்தாள். வாசற்படியில் தங்கை தலை குனிந்தபடி நின்றாள்.

பின்னாலேயே வந்த டீச்சர், அக்காவின் தோளில் மெல்லக் கை வைத்தார்.

"இப்பக் கண்ணு நல்லாத் தெரியுதுல்லக்கா? அப்போ இனிமே நீங்க ஒரு தடவை எடுத்தாலே எங்களுக்குப் போதும்."