விசுவாசத்தை அளக்கும் போன்

மாதம் ஒருமுறை பட்டாளத்திலிருந்து போன் வரும். வீட்டாரின் விசுவாசத்தை அளப்பார்கள். பிள்ளை செத்தாலும் கடவுள் சித்தமென்று தாங்கிக்கொள்ளும் வீட்டுப் பையன்களைத்தான் போர்முனைக்கு அனுப்புவார்கள். அடுத்த வீட்டு லீமா ஒவ்வொரு முறையும் கடவுளைக் கண்டபடி திட்டினாள். அவள் மகன் பட்டாளச் சமையற்கட்டில் பத்திரமாக வெங்காயம் நறுக்கினான்.

ஞானசெல்வத்துக்கோ அப்படித் திட்ட நாக்கு கூசியது. அவள் மூத்த மகன் ரெஜினை அனுப்பினார்கள், பெட்டியில் வந்தான்.

"அக்கா, சின்னவனும் அங்கதான இருக்கான். இந்தத் தடவையாவது திட்டிரு," என்று லீமா கெஞ்சினாள்.

போன் அடித்தது. "ரெஜின் போனதை எப்படி எடுத்துக்கிட்டீங்கம்மா?"

ஞானசெல்வம் மனதைக் கல்லாக்கிக்கொண்டு, திட்டத்தான் வாயைத் திறந்தாள். அழுகை முந்திக்கொண்டது. "ஏசப்பா... என் ஏசப்பா!"

"போதும்மா," என்றது கனிவான குரல். "சின்னவரு நாளைக்கே போர்முனைக்குக் கிளம்புறாரு."