நாற்பத்தொன்றாவது நகர்த்தல்

வரிசையாக ஆறு ஆட்டம் தோற்ற அந்த கிராண்ட்மாஸ்டர், இந்தப் போட்டியோடு சதுரங்கத்துக்கே முழுக்குப் போடுவதென்று முடிவெடுத்திருந்தாள். ஏழாவது ஆட்டத்திலும் நாற்பது நகர்த்தலில் தோல்வியை ஒப்புக்கொண்டு எதிராளியிடம் கைகுலுக்கினாள்.

நகர்த்தல்களை எழுதிவைத்த குறிப்புத்தாளை வாங்கிய நடுவர் தயங்கினார். "மேடம், நாப்பத்தொண்ணாவது நகர்த்தலும் எழுதியிருக்கீங்களே?"

அவள் கையெழுத்துதான். ஆனால் அவள் எழுதவில்லை. குதிரையைப் பின்னுக்கு இழுக்கும் நகர்த்தல் அது. பலகையில் வைத்துப் பார்த்தாள். எதிராளி பெருமூச்சு விட்டார்.

"நல்லவேளை, இதை நீங்க ஆடல. ஆடியிருந்தா நான் செத்தேன்."

குறிப்புத்தாளின் நகலை எடுத்துக்கொண்டு வெளியே வந்து, கணவனுக்குப் போன் போட்டாள்.

"தோத்துட்டேங்க. அடுத்த மாசப் போட்டிக்கு என் பேரைக் குடுத்துடுங்க."

"தோத்துட்டு ஏம்மா சிரிக்கிற?"

கையிலிருந்த நகலில் இப்போது நாற்பத்திரண்டாவது வரியும் நிரம்பியிருந்தது. மை இன்னும் காயவில்லை.